சிறுநீரகச் சூத்திரத்தில் இனம் எப்படி நுழைந்தது, ஏன் வெளியே போனது

நீங்கள் கேட்டிருப்பதைச் சுருக்கிச் சொல்கிறேன், சரியா என்று பாருங்கள். இனம் என்பது சமூகம் உண்டாக்கியது, அதற்கு மரபணு அடிப்படை இல்லை என்கிறார்கள். ஆனால் அமெரிக்காவில் சிறுநீரகச் செயல்பாட்டைக் கணக்கிடும்போது கறுப்பினத்தவருக்கென்று தனியாக ஒரு எண்ணால் பெருக்கி வந்தார்கள். அவர்களுக்குச் சிறுநீரகம் செயலிழப்பதும் அதிகம். உடம்பிலேயே வேறுபாடு தெரியும்போது இனம் பொய் என்பது எப்படிச் சரியாகும்? பொய்தான் என்றால் மருத்துவமனைகள் ஏன் இன்னும் இனத்தைக் கேட்டு எழுதிக்கொள்கின்றன?

இதற்குள் மூன்று தனிக் கேள்விகள் இருக்கின்றன. இரண்டு மக்கள் குழுக்களுக்கு இடையே உடலளவில் சராசரி வேறுபாடு உண்டா? அது மரபணுவால் வந்ததா? அந்த மரபணு, நாம் இனம் என்று கிழித்து வைத்திருக்கும் கோட்டை ஒட்டித்தான் போகிறதா? முதல் கேள்விக்கு ஆம் என்று பதில் கிடைத்ததும் மற்ற இரண்டுக்கும் அதே பதில்தான் என்று எடுத்துக்கொள்கிறோம். குழப்பம் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

என் எல்லையையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான் சிறுநீரக மருத்துவன் அல்ல. மருத்துவ உயிர்வேதியியல் படித்தவன். ஆய்வகத்தில் கிரியேட்டினின் முடிவுகளைச் சரிபார்த்துக் கையெழுத்திட்டு அனுப்புவது பல வருடங்களாக என் வேலை. சூத்திரத்தைப் பற்றி உறுதியாகப் பேசுவேன். மரபியலில் துறை சார்ந்து படித்திருக்கிறேன். சமூகவியலில் நான் ஒரு வாசகன் மட்டும்தான்.

சூத்திரத்திலிருந்தே தொடங்கலாம். சிறுநீரகம் ஒரு நிமிடத்தில் எவ்வளவு ரத்தத் திரவத்தை வடிகட்டுகிறது என்பதை நேரடியாக அளக்க முடியும். அதற்கு ஒரு பொருளை ஊசியில் ஏற்றி, அது ரத்தத்திலிருந்து எவ்வளவு வேகமாக வெளியேறுகிறது என்று பல மணி நேரம் பார்க்க வேண்டும். எல்லோருக்கும் இதைச் செய்ய முடியாது. அதனால் தசையில் இயல்பாக உண்டாகும் கிரியேட்டினின் ரத்தத்தில் எவ்வளவு தேங்கியிருக்கிறது என்று பார்த்து, வயதையும் பாலினத்தையும் சேர்த்து, வடிகட்டும் திறனை மதிப்பிடுகிறோம். உங்கள் ரத்தப் பரிசோதனைத் தாளில் ஈஜிஎஃப்ஆர் என்று வருவது இந்த மதிப்பீடுதான். அது அளந்த எண் இல்லை, ஊகித்த எண். இதை மறந்துவிட்டால் மீதிக் கதை புரியாது.

1999-ல் அமெரிக்காவில் 1,628 நோயாளிகளின் தரவை வைத்து ஒரு சூத்திரம் வெளியானது. அந்த நோயாளிகளில் கறுப்பினத்தவர் சுமார் 12 சதவீதம். ஒரே வயது, ஒரே பாலினம், ஒரே கிரியேட்டினின் அளவு உள்ள இருவரை ஒப்பிட்டால், கறுப்பினத்தவரின் நேரடியாக அளந்த வடிகட்டும் திறன் சராசரியாகச் சற்று அதிகமாக இருந்தது. ஆகவே அவர்களுக்கு மட்டும் விடையை ஒரு எண்ணால் பெருக்கினார்கள். பரவலாகப் புழங்கிய எளிய வடிவத்தில் அந்த எண் ஏறத்தாழ 1.21. 2009-ல் வந்த மேம்பட்ட சூத்திரத்தில் அது 1.159 ஆனது. காரணம் என்னவென்று கேட்டால், கறுப்பினத்தவருக்குத் தசை அதிகம் என்று ஒரு வரியில் சொல்லிக் கடந்துவிடுவார்கள். அந்த வரிக்குப் பின்னால் இருந்தவை சில சிறிய ஆய்வுகள்தான். தசைதான் காரணம் என்றால் தசையை அளந்திருக்கலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். கேட்க வேண்டிய கேள்விதான்.

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். கறுப்பினத்தவரின் சிறுநீரகம் வேறு மாதிரி வேலை செய்கிறது என்று அந்தச் சூத்திரம் சொல்லவே இல்லை. கிரியேட்டினின் என்ற அடையாளப் பொருள் அவர்களிடம் சராசரியாகச் சற்று அதிகமாக இருக்கிறது, அதனால் அதை வைத்து ஊகிக்கும்போது பிழை வருகிறது என்றுதான் சொன்னது. வேறுபாடு அளவுகோலில் இருந்தது. அதைப் பொதுமக்கள் மட்டுமல்ல, மருத்துவர்களில் பலரும் உறுப்பிலேயே உள்ள வேறுபாடாகப் புரிந்துகொண்டார்கள்.

அமெரிக்க ஆய்வகங்களின் தாளில் அந்தக் காலத்தில் இரண்டு வரிகள் அச்சாகும். ஒன்று கறுப்பினத்தவர் எனில் இவ்வளவு, இன்னொன்று இல்லையெனில் இவ்வளவு. எது பொருந்தும் என்பதைப் பார்ப்பவர் முடிவு செய்துகொள்ள வேண்டும். அல்லது வரவேற்பு மேசையில் ஒருவர் ஏற்கெனவே ஏதோ ஒரு கட்டத்தில் குறியிட்டிருப்பார், கணினி அதை எடுத்துக்கொள்ளும். அப்பா நைஜீரியர், அம்மா அயர்லாந்துக்காரர் என்றால் எந்த வரி? எத்தியோப்பியாவிலிருந்து வந்தவருக்கு எந்த வரி? சூத்திரத்தில் பதில் கிடையாது. கறுப்பு, கறுப்பு அல்லாதது என்ற இரண்டே பெட்டிதான். நார்வேக்காரரும் சீனரும் மெக்சிகோக்காரரும் நம் ஊர்க்காரரும் இரண்டாவது பெட்டிக்குள் ஒன்றாகக் கிடந்தார்கள்.

பெட்டிகள் எப்படி உண்டாகின்றன என்பதற்கு இந்தியர்களே நல்ல சாட்சி. 1920 முதல் 1940 வரையிலான அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கெடுப்புகளில் நம்மவர்கள் எந்த மதமாக இருந்தாலும் 'இந்து' என்பதே இனமாக எழுதப்பட்டது. 1923-ல் பகத் சிங் திண்ட் என்ற பஞ்சாபி சீக்கியர் வழக்கில், அவர் வெள்ளையர் அல்ல, ஆகவே குடியுரிமை இல்லை என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 1970 கணக்கெடுப்பில் இந்தியர்கள் வெள்ளையர் பட்டியலில் சேர்க்கப்பட்டார்கள். 1980-ல் ஆசிய இந்தியர் என்ற தனிக் கட்டம் வந்தது. அறுபது வருடத்துக்குள் மூன்று இனம்! இனம் சமூகம் உண்டாக்கியது என்று சமூகவியலாளர்கள் சொல்வதன் பொருள் இதுதான். எல்லா மனிதருக்கும் மரபணு ஒன்றே என்று அவர்கள் சொல்லவில்லை. யாரை எந்தப் பெட்டியில் போடுவது என்ற விதியைச் சட்டமும் வரலாறும் எழுதுகின்றன என்கிறார்கள்.

அப்படியானால் மரபணு என்ன சொல்கிறது? 1972-ல் மரபியலாளர் ரிச்சர்ட் லெவோன்டின் ரத்தப் புரதங்களின் வேறுபாடுகளைக் கணக்கிட்டார். மனிதர்களிடையே உள்ள மரபு வேறுபாட்டில் சுமார் 85 சதவீதம் ஒரே மக்கள் குழுவுக்குள்ளேயே இருக்கிறது, பெரிய இனப் பிரிவுகளுக்கு இடையே இருப்பது 6 சதவீதம் அளவுதான் என்று கண்டார். பிற்பாடு டி.என்.ஏ. கொண்டு செய்த ஆய்வுகளும் ஏறக்குறைய இதையே காட்டின. 2003-ல் ஏ. டபிள்யூ. எஃப். எட்வர்ட்ஸ் என்ற புள்ளியியலாளர் இதற்கு ஒரு மறுப்பு எழுதினார். ஒவ்வொரு மரபணு இடத்தையும் தனித்தனியாகப் பார்த்தால் வேறுபாடு சிறியதுதான், ஆனால் நூற்றுக்கணக்கான இடங்களைச் சேர்த்துப் பார்த்தால் ஒருவரின் முன்னோர் எந்தக் கண்டத்தவர் என்று சொல்லிவிடலாம் என்றார். அதுவும் உண்மைதான். பேச்சைக் கொஞ்ச நேரம் கேட்டாலே ஒருவர் திருநெல்வேலியா கோயம்புத்தூரா என்று சொல்லிவிடுகிறோம். அதற்காக இருவரும் இரண்டு வேறு மொழி பேசுகிறார்கள் என்று ஆகாது, நடுவில் இன்ன ஊரில் ஒன்று முடிந்து மற்றது தொடங்குகிறது என்றும் காட்ட முடியாது. முன்னோர் வந்த இடத்தைக் கண்டுபிடிக்க முடிவது வேறு, மனித குலம் நான்கைந்து இனங்களாகப் பிரிந்து கிடக்கிறது என்பது வேறு. இணையத்தில் சண்டை போடுபவர்கள் பாதிப் பேர் லெவோன்டினை மட்டும் படித்திருக்கிறார்கள், மீதிப் பேர் எட்வர்ட்ஸை மட்டும்.

மனிதர்களின் மரபு வேறுபாடு மிக அதிகமாக இருப்பது ஆப்பிரிக்காவுக்குள்தான். மற்ற கண்டத்தவர் எல்லோரும் அங்கிருந்து வெளியேறிய சிறு கூட்டத்தின் வழிவந்தவர்கள். ஆக 'கறுப்பினம்' என்ற ஒற்றைப் பெட்டியில்தான் உலகிலேயே அதிக மரபு வேறுபாடு அடைபட்டிருக்கிறது. போதாததற்கு, அமெரிக்கக் கறுப்பினத்தவரின் மரபில் சராசரியாக ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் ஐரோப்பிய முன்னோர் வழி வந்தது. இந்தப் பங்கு ஆளுக்கு ஆள் பெரிதும் மாறும். ஒரு துளி ஆப்பிரிக்க ரத்தம் இருந்தாலும் கறுப்பர் என்ற பழைய விதிதான் இவர்களை ஒரே பெட்டியில் போட்டது.

சரி, அப்படியானால் சிறுநீரகச் செயலிழப்பு அவர்களிடம் அதிகமாக இருப்பதில் மரபணுவுக்குப் பங்கே இல்லையா? இருக்கிறது, மறைக்க வேண்டியதில்லை. 2010-ல் கண்டறியப்பட்ட ஏபிஓஎல்1 மரபணுவின் இரண்டு மாற்று வடிவங்கள் இந்தத் துறையின் மிக உறுதியான கண்டுபிடிப்புகளில் ஒன்று. செட்சி ஈ கடிப்பதால் பரவும் தூக்க நோய்க் கிருமியை எதிர்க்க இவை உதவுகின்றன. அதனால் மேற்கு ஆப்பிரிக்காவில் பெருகின. ஆபத்தான வடிவத்தை அம்மா அப்பா இருவரிடமிருந்தும் பெற்றவருக்குச் சில வகைச் சிறுநீரக நோய்கள் வரும் வாய்ப்பு பல மடங்கு கூடும். அமெரிக்கக் கறுப்பினத்தவரில் சுமார் 13 சதவீதம் பேர் அப்படிப்பட்டவர்கள்.

மரபணுதான் காரணம் என்று வாதாடுபவர்கள் இந்த இடத்தில் நிறுத்திக்கொள்வார்கள். ஆனால் அதே கணக்கின்படி 87 சதவீதம் பேரிடம் அந்த இரட்டை ஆபத்து இல்லை. இருப்பவர்களிலும் பெரும்பாலோருக்குச் சிறுநீரகம் செயலிழப்பதில்லை, ஹெச்.ஐ.வி. போல வேறு ஏதாவது ஒரு தூண்டுதல் சேர வேண்டியிருக்கிறது. இந்த வடிவங்கள் எத்தியோப்பியர்களிடம் அனேகமாகக் கிடையாது, அவர்களும் அந்தப் படிவத்தில் கறுப்பர்தான். மரபணுவின் எல்லை செட்சி ஈயும் தூக்க நோயும் இருந்த நிலப்பரப்பை ஒட்டிப் போகிறது, தோல் நிறத்தை ஒட்டிப் போவதில்லை. இப்போது இந்த மரபணுவைக் குறிவைத்து இனாக்சப்ளின் என்ற மருந்தைச் சோதித்து வருகிறார்கள். அதில் சேர்வதற்கு மரபணுப் பரிசோதனை முடிவுதான் தகுதி, இனக் கட்டம் அல்ல.

ரத்தச் சிவப்பணுக்கள் அரிவாள் போல வளைந்துவிடும் அரிவாள் செல் நோயின் கதையும் இதே மாதிரிதான். அமெரிக்காவில் நெடுங்காலம் அதைக் கறுப்பினத்தவர் நோய் என்றே பாடம் நடத்தினார்கள். 1952-ல் நம் நீலகிரிப் பழங்குடியினரிடம் அந்த மரபணு இருப்பது பதிவானது. கிரேக்கத்தின் சில பகுதிகளிலும் அரேபியாவிலும் இருக்கிறது. அந்த மரபணு மலேரியாவை எதிர்க்க உதவுவதால், மலேரியா எங்கெல்லாம் ஆட்டிப்படைத்ததோ அங்கெல்லாம் அதற்கு இடம் கிடைத்தது.

மரபணு விளக்காத மீதிப் பங்கு எங்கிருந்து வருகிறது? சிறுநீரகத்தைக் கெடுக்கும் பெரிய காரணங்கள் சர்க்கரை நோயும் ரத்த அழுத்தமும். ரிச்சர்ட் கூப்பரும் அவரது குழுவினரும் 2005-ல் பல நாடுகளை ஒப்பிட்டு வெளியிட்ட தரவு எனக்கு எப்போதும் நினைவுக்கு வரும். நைஜீரியாவில் உயர் ரத்த அழுத்தம் உள்ளவர்கள் சுமார் 14 சதவீதம். அமெரிக்கக் கறுப்பினத்தவரிடம் 44. அமெரிக்க வெள்ளையரிடம் 27. ஜெர்மானியர்களிடம் 55! கறுப்பு உடம்பில் ஊறிய நோய் இது என்றால் நைஜீரியாவில்தான் உச்சத்தில் இருந்திருக்க வேண்டும். கறுப்பு வெள்ளை இடைவெளியைவிட, ஒரே நிறத்தவருக்குள் நாட்டுக்கு நாடு இருக்கும் இடைவெளி பெரிது. உணவு, உடல் எடை, வேலை, மன உளைச்சல், மருத்துவம் கைக்கெட்டும் தூரம் இவற்றில் எதற்கு எவ்வளவு பங்கு என்று பிரித்துச் சொல்வது கடினம், இந்த ஒப்பீடு அதைப் பிரித்துக் காட்டவும் இல்லை. ஆனால் மரபணு மட்டுமே காரணம் என்ற கதையை இது உடைத்துவிடுகிறது.

அமெரிக்காவில் இன்னொரு விசித்திரமும் உண்டு. 1972-ல் வந்த சட்டத்தால் சிறுநீரகம் முழுதாகச் செயலிழந்தவர்களில் அனேகமாக எல்லோருக்கும், வயது எதுவானாலும், டயாலிசிஸ் செலவை அரசுக் காப்பீடு ஏற்கிறது. நல்ல விஷயம்தான். ஆனால் செயலிழக்கும் முன்பு சர்க்கரையையும் ரத்த அழுத்தத்தையும் கட்டுப்படுத்த மருத்துவரைப் பார்க்கும் செலவுக்கு அந்த உத்தரவாதம் இல்லை. காப்பீடு இல்லாத ஏழைக்குச் சிறுநீரகம் கெட்ட பிறகுதான் கதவு திறக்கிறது. மக்கள்தொகையில் சுமார் 13 சதவீதமாக இருக்கும் கறுப்பினத்தவர், சிறுநீரகம் செயலிழந்தவர்களில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்காக இருப்பதற்கு இப்படிப்பட்ட கதவுகளும் ஒரு காரணம்.

இப்போது பழைய பெருக்கல் எண்ணுக்கு வருவோம். மாற்றுச் சிறுநீரகத்துக்கான காத்திருப்புக் கணக்கு அங்கே ஈஜிஎஃப்ஆர் 20 அல்லது அதற்குக் கீழே இறங்கும்போதுதான் தொடங்கும். ஒரே வயது, ஒரே பாலினம், ஒரே கிரியேட்டினின் உள்ள இருவர். ஒருவருக்கு 20 என்று வருகிறது, பட்டியலில் நாள் கணக்கு தொடங்குகிறது. மற்றவர் கறுப்பர், 1.159-ஆல் பெருக்கினால் 23. அவர் வீட்டுக்குப் போகலாம். இவரது எண் 20-ஐத் தொட வேண்டுமானால், பெருக்காத கணக்கில் 17 அளவுக்குச் சிறுநீரகம் கெட வேண்டும். இது மாதக்கணக்கில், சிலருக்கு வருடக்கணக்கில் தாமதம். நோய் அதிகம் உள்ள குழுவுக்கே நோய் குறைவு என்று காட்டும் சூத்திரம் என்பதை யாரும் கேட்காமலேயே பல வருடம் ஓடியது. முதலில் உரக்கக் கேட்டவர்களில் மருத்துவ மாணவர்கள் பலர். பாஸ்டனில் ஒரு மருத்துவமனை 2017-லேயே அந்தப் பெருக்கல் எண்ணைக் கைவிட்டது. 2020-ல் அமெரிக்காவின் இரண்டு பெரிய சிறுநீரக அமைப்புகள் குழு அமைத்தன, 2021 செப்டம்பரில் இனம் இல்லாத சூத்திரத்தைப் பரிந்துரைத்தன. 2022-ல் உறுப்பு மாற்றுப் பட்டியலில் இனம் சேர்த்த கணக்குக்குத் தடை வந்தது.

இதை வெற்றிக் கதையாக மட்டும் சொன்னால் ஆய்வகக்காரனாக நான் நேர்மையாக இருக்க மாட்டேன். புதிய சூத்திரம் சராசரியாகக் கறுப்பினத்தவரின் திறனை உண்மையைவிடச் சற்றுக் குறைத்தும் மற்றவர்களுடையதைச் சற்றுக் கூட்டியும் காட்டுகிறது. அதாவது பிழை போய்விடவில்லை, பங்கிட்டு வைத்திருக்கிறோம். எண் குறைந்தால் காத்திருப்புப் பட்டியலுக்கு நல்லது. ஆனால் சர்க்கரை நோய்க்குத் தரும் மெட்ஃபார்மின் போன்ற மருந்தைத் தொடரலாமா, புற்றுநோய் மருந்தை எவ்வளவு கொடுக்கலாம், தம்பிக்கு அண்ணன் சிறுநீரகம் தரலாமா என்ற முடிவுகளில் அதே குறைந்த எண் ஒருவருக்கு எதிராகவும் வேலை செய்யலாம். கிரியேட்டினின் ஏன் சராசரியாகக் கூடுதலாக இருக்கிறது என்பதும் தீர்ந்துபோன கேள்வி அல்ல. 2021-ல் வெளியான ஒரு பெரிய ஆய்வில் உடல் அமைப்பைக் கணக்கில் சேர்த்த பிறகும் அந்த வேறுபாடு முழுதாக மறையவில்லை. ஆப்பிரிக்க முன்னோர் பங்கோடு அதற்குத் தொடர்பும் இருந்தது. தசை என்ற பழைய விளக்கம் போதாது, எல்லாம் சமூகக் காரணம் என்று சொல்லவும் ஆதாரம் போதாது. ஆனால் அதே ஆட்களிடம் சிஸ்டாட்டின் சி என்ற வேறொரு புரதத்தை வைத்துக் கணக்கிட்டபோது இனமும் தேவைப்படவில்லை, முன்னோர் விவரமும் தேவைப்படவில்லை. நல்ல அளவுகோல் கிடைத்ததும் இனத்துக்கு அங்கே வேலை இல்லாமல் போனது. அப்புறம் ஏன் எல்லோரும் அதையே பயன்படுத்தவில்லை என்றால், கிரியேட்டினினைவிட அதற்குச் செலவு பல மடங்கு, எல்லா ஆய்வகத்திலும் கிடைப்பதும் இல்லை.

நம் பக்கத்துக்கும் இதில் பாடம் உண்டு. இந்தச் சூத்திரங்கள் எதுவும் தெற்காசியர்களை முக்கியமாக வைத்து உருவாக்கப்பட்டவை அல்ல. இந்தியாவிலும் பாகிஸ்தானிலும் நேரடியாக அளந்து ஒப்பிட்ட ஆய்வுகளில், சூத்திரம் சொல்லும் எண் உண்மையைவிடக் கூடுதலாக வந்திருக்கிறது. தசை குறைவு, இறைச்சி உண்பது குறைவு என்று காரணம் சொல்கிறார்கள். உடனே இந்திய இனத்துக்கு ஒரு பெருக்கல் எண் போடலாமே என்று தோன்றும். போட்டால் தினமும் ஆட்டுக்கறி சாப்பிட்டு உடற்பயிற்சிக் கூடத்துக்குப் போகும் இளைஞருக்கும், கஞ்சி குடித்து மெலிந்த எழுபது வயது மூதாட்டிக்கும் ஒரே திருத்தம் நடக்கும். உங்கள் வீட்டில் மிகவும் மெலிந்த முதியவர் இருந்து, கிரியேட்டினின் இயல்பு என்று தாளில் வந்தால், அதை மட்டும் வைத்து நிம்மதி அடைய வேண்டாம். சிஸ்டாட்டின் சி பார்க்கலாமா என்று மருத்துவரிடம் கேளுங்கள்.

கடைசியாக, மருத்துவமனை ஏன் இன்னும் இனத்தைக் கேட்கிறது என்ற உங்கள் கேள்வி. 2023 ஜனவரி முதல் அமெரிக்காவில் ஒரு திருத்தம் நடைமுறைக்கு வந்தது. பழைய சூத்திரத்தால் தாமதப்பட்ட கறுப்பின நோயாளிகளை ஒவ்வொரு மாற்று அறுவை சிகிச்சை மையமும் தேடிக் கண்டுபிடித்து, இனம் சேர்க்காமல் எண்ணைத் திரும்பக் கணக்கிட்டு, அவர்கள் இழந்த காத்திருப்புக் காலத்தைத் திருப்பித் தர வேண்டும். 2024 மார்ச்சுக்குள் 14,000-க்கும் மேற்பட்டவர்களுக்குச் சராசரியாக இரண்டு ஆண்டு அளவுக்குக் காலம் திரும்பக் கிடைத்தது, பலருக்குச் சிறுநீரகமும் கிடைத்தது. அவர்கள் யார் யார் என்று மையங்களால் தேட முடிந்தது, பழைய கோப்புகளில் இனம் பதிவாகியிருந்ததால்தான்.